மணியோசை இல்லாம வர்ற யானை

"அண்ணா, யானை பார்த்துரலாம்ல?" ஆழியார் செக்போஸ்ட் தாண்டுறதுக்குள்ள வண்டில ஏறுறவங்கள்ல முக்காவாசி பேர் இத கேட்டுருவாங்க. நான் இருபத்திரண்டு வருஷமா பொள்ளாச்சி வால்பாறை ரோட்டுல டூரிஸ்ட் டாக்ஸி ஓட்டுறேன், பொறந்து வளர்ந்ததே மேல வால்பாறைல ஒரு எஸ்டேட் லைன் வீட்டுலதான் (தொழிலாளிங்களுக்கு வரிசையா கட்டி விட்ட வீடுங்க), 40 கொண்டை ஊசி வளைவும் மனப்பாடம். ஆனா இந்த கேள்விக்கு மட்டும் "பார்க்கலாம்"னு நான் வாக்கு குடுத்ததே இல்ல. ஒன்பதாவது வளைவுல வரையாடு நிக்கும், புதுத்தோட்டம் பக்கம் சிங்கவால் குரங்கு ரோட்டு மேலயே மரத்துல இருக்கும், அதெல்லாம் காட்டுறேன் வாங்கன்னு சொல்லுவேன். யானைய நாம தேடி போகக்கூடாது, ஏன்னு சொல்லத்தான் இத எழுதுறேன்.

எங்க தாத்தா ஆச்சி ரெண்டு பேரும் தென்காசி பக்கத்துல இருந்து தேயிலைக் கொழுந்து எடுக்க மேல ஏறி வந்தவங்க. ஆச்சி பொழுது சாய்ஞ்சுட்டா யானைங்கற பேர வாயில எடுக்க விடாது. "பெரியவர்"னுதான் சொல்லணும். நாங்க சின்ன புள்ளைங்க மறந்துபோய் சொல்லிட்டா "ஏலே, பேர சொல்லாத, அவருக்கு காது கேக்கும்"னு வாய பொத்தும். விரல நீட்டி காட்டக்கூடாது, கல்ல தூக்கி எறியக்கூடாது, கெட்ட வார்த்தை சொல்லி கத்தக்கூடாது, அந்தி நேரத்துல தேயிலைக்குள்ள குறுக்கு வழியில வரக்கூடாது, வீட்டுப்பக்கம் வந்துட்டா விளக்க அணைச்சுட்டு எல்லாரும் உள்ளயே இருக்கணும். ஆச்சி சாமி படத்துக்கு முன்னாடி நின்னுக்கிட்டு "பெரியவரே, புள்ளகுட்டிங்க இருக்கு, பாத்து போங்கய்யா"ன்னு முணுமுணுன்னு சொல்லிக்கிட்டே இருக்கும். பக்கத்து லைன்ல சில பேர் பார்க்கணும்னு வெளிய ஓடுவாங்க, ஆச்சி எங்கள விடாது, "சாமிய கும்பிட வெளிய போகணும்னு என்ன இருக்கு"ன்னு கேக்கும். பத்தாவது படிக்கும்போது எனக்கு இதெல்லாம் மூட நம்பிக்கையா தெரிஞ்சுது, இப்ப அந்த ஒவ்வொண்ணையும் எடுத்து வச்சு பார்த்தா காட்டு யானை கிட்ட ஒரு மனுஷன் எப்படி நடந்துக்கணுமோ அதத்தான் ஆச்சி சாமி பேர்ல எங்களுக்கு சொல்லி குடுத்துருக்கு, தள்ளி நில்லு, சத்தம் போடாத, சீண்டாத, இருட்டுல நடக்காத, வேற என்ன இருக்கு.

1996ல ஒரு ராத்திரி யானை வந்து எங்க வீட்டு பின் சுவத்த இடிச்சுருச்சு. முந்தின நாள்தான் ரேஷன் அரிசி வாங்கி பின் ரூம்ல ட்ரம்ல வச்சிருந்தோம், பக்கத்துல ஒரு மூட்டை கல் உப்பு. மொத சுவர் பொடபொடன்னு உதிர்ற சத்தம், அப்புறம் தும்பிக்கை உள்ள வந்து தடவுற சத்தம், அந்த மூச்சு சத்தத்த நான் இன்னைக்கும் மறக்கல. ஆச்சி ஒரு வார்த்த கத்தல, எங்க மூணு பேரையும் கைய புடிச்சு முன்வாசல் வழியா அடுத்த வீட்டுக்கு கூட்டிட்டு போயிருச்சு. காலையில வந்து பார்த்தா தின்னது அர மூட்டை கூட இருக்காது, மிச்சமெல்லாம் மண்ணோட மண்ணா மிதிபட்டு கெடக்கு. ரெண்டு வருஷம் முன்னாடி என் பொண்ணு பரிட்சைக்கு புறநானூறு சத்தம் போட்டு படிச்சுட்டு இருந்தா, பிசிராந்தையார் பாண்டியன் அறிவுடை நம்பிக்கு சொன்ன பாட்டு, நெல்ல அறுத்து கவளமா உருட்டி குடுத்தா கொஞ்ச நிலத்து நெல்லே யானைக்கு பல நாளைக்கு வரும், அதுவே யானை தானா வயல்ல புகுந்தா நூறு வயல் இருந்தாலும் வாயில போறத விட கால்ல மிதிபடுறதுதான் அதிகம்னு. அந்த புலவர் ராஜாவுக்கு வரி வாங்குறத பத்தி சொன்னாரு, எனக்கு எங்க வீட்டு பின் ரூம்தான் கண்ணுக்கு முன்னாடி வந்துச்சு. யானை வந்துட்டு போன வீட்ட நேர்ல பார்க்காம அப்படி எழுத முடியாதுன்னு நான் நம்புறேன்.

அன்னைக்கு காலைல ஒரு வனத்துறை வாட்சர் வந்து முன்னங்கால் தடத்த சுத்தி ஒரு கயிற வச்சு அளந்தாரு, அத ரெண்டு மடங்கு ஆக்குனா யானையோட தோள் உயரம் ஏறக்குறைய வந்துரும்னு சொல்லி குடுத்தாரு. அவரு போனதும் ஆச்சி அதே தடத்துல கொஞ்சம் மஞ்சளும் ரெண்டு பூவும் வச்சுது. சுவர் போயிருச்சு, மாசத்து அரிசி போயிருச்சு, ஆனாலும் வச்சுது. அத நான் ரொம்ப நாள் யோசிச்சிருக்கேன். கோபம் இல்லாம இல்ல, அன்னைக்கு முழுக்க ஆச்சி அழுதுச்சு. ஆனா அரிசிய பின் ரூம்ல வச்சது நம்ம தப்புன்னும் சொல்லுச்சு, அதுக்கப்புறம் எங்க வீட்டுல அரிசி நடு ரூம்லதான், அதுவும் ஒரு வாரத்துக்கு மேல வாங்கி வைக்கிறது இல்ல.

இத ஏன் இவ்வளவு விரிவா சொல்றேன்னா மேல இருக்கறவங்களுக்கு இதுதான் மொத பாடம். தேயிலைய யானை தின்னாது. எங்க வால்பாறை மேடு 220 சதுர கிலோமீட்டர் பக்கம், அதுல பெரும்பாலும் டீ, காபி, நடுநடுவுல துண்டு துண்டா சோலைக்காடு, நாலா பக்கமும் ஆனைமலை, பரம்பிக்குளம், வாழச்சால்னு பெரிய காடு. யானைங்க ஒரு காட்டுல இருந்து இன்னொரு காட்டுக்கு போற வழில பகல்ல ஆத்தங்கரை சோலைலயும் சதுப்புலயும் ஒதுங்கி நின்னுட்டு இருட்டுனதும் தேயிலைக்குள்ள எறங்கி நடக்கும். ஆனைமலைன்னு பேர் வச்சவங்களுக்கு தெரிஞ்சிருக்கு இது யாரு வீடுன்னு. ஒரு நாளைக்கு 150 கிலோ பக்கம் தின்னணும், அதுக்காக ராத்திரி பகலா நடந்துட்டே இருக்கணும், அந்த மாதிரி நடக்கற ஒரு ஜீவனுக்கு அரிசி வாசம், சர்க்கரை வாசம், உப்பு வாசம் ரொம்ப தூரத்துல இருந்தே தெரியும். அதனாலதான் ரேஷன் கடையும் சத்துணவு கூடமும் திரும்ப திரும்ப இடிபடுது. அரிசிய ஸ்டாக் வைக்காம இருந்தாலே பாதி பிரச்சனை போயிருது, வீட்டுக்கு ஒட்டி வாழையும் பலாவும் வைக்காதீங்க, வச்சிருந்தா காய் பழுக்குறதுக்கு முன்னாடியே எறக்கிருங்க.

ரெண்டாவது பாடம் எங்க குடும்பத்துக்கு ரொம்ப விலை குடுத்து வந்துச்சு. 2004ல எங்க சித்தப்பா கடைசி பஸ்ல வந்து எறங்கி தேயிலைக்குள்ள குறுக்கு வழில வீட்டுக்கு நடந்துருக்காரு. மழை காலம், மூடுபனி, பத்தடி முன்னாடி தெரியாது. டார்ச் இருந்துச்சு, கைல புள்ளைங்களுக்கு வாங்குன பன் பாக்கெட் இருந்துச்சு. மூணு யானை அந்த வளைவுல நின்னுருக்கு. அவருக்கு அது தெரியாது. எங்கள ரொம்ப நாள் தூங்க விடாதது என்னன்னா, மேட்டுக்கு அந்தப்பக்கம் இருந்த லைன்ல எல்லாருக்கும் மத்தியானமே தெரியும் அங்க கூட்டம் நிக்குதுன்னு, கொழுந்து எடுக்க போன பொம்பளைங்க பார்த்துட்டு திரும்பி வந்துருக்காங்க, அந்த செய்தி ஒரு கிலோமீட்டர் தாண்டி பஸ் ஸ்டாப்புக்கு வந்து சேரல, அவ்வளவுதான். யாரு மேலயும் பழி சொல்ல முடியாது, அப்ப எங்க ஆளுங்க கைல போனே கிடையாது.

எங்க மலைல 1994க்கு அப்புறம் இருபது வருஷத்துல நாப்பது பேர் பக்கம் இப்படி போயிருக்காங்க. அத உக்காந்து ஆராய்ச்சி பண்ணவங்க சொன்னதும் இதேதான், செத்தவங்கள்ல பெரும்பாலானவங்களுக்கு யானை அங்க இருக்கறதே தெரியாது, வீட்டுக்குள்ள செத்தவங்கள விட வழில நடந்தவங்கதான் அதிகம். "யானை வரும் பின்னே மணியோசை வரும் முன்னே"ன்னு நம்ம ஊர்ல சொல்லுவாங்க, அது கோயில் யானைக்கு சரி. காட்டு யானைக்கு கழுத்துல மணி கிடையாது, பாதத்துக்கு அடில மெத்தை மாதிரி கொழுப்பு இருக்கறதால நாலு டன் உடம்பு பக்கத்துல நடந்து வந்தாலும் ஒரு சருகு சத்தம் கூட கேக்காது.

அந்த மணிய எங்களுக்கு கட்டி குடுத்தது நேச்சர் கன்சர்வேஷன் ஃபவுண்டேஷன்னு காட்டு உயிர்கள பத்தி ஆராய்ச்சி பண்ற அமைப்போட ஆளுங்க, வனத்துறையும் கூட சேர்ந்துச்சு, எஸ்டேட்டுகளும் சேர்ந்துச்சு. மொத லோக்கல் கேபிள் டிவில கீழ ஓடுற எழுத்துல "இந்த டிவிஷன்ல (எஸ்டேட்டோட ஒரு பகுதி) யானை இருக்கு"ன்னு போட்டாங்க, அப்புறம் 2011 வாக்குல எஸ்எம்எஸ் வந்துச்சு. யானை நிக்குற இடத்துல இருந்து ரெண்டு கிலோமீட்டர் சுத்துவட்டத்துல நம்பர் குடுத்து வச்சிருக்கவங்களுக்கு தமிழ்லயே மெசேஜ் வரும், படிக்க தெரியாதவங்களுக்கு குரல் அழைப்பு. அதோட உயரமான இடமா பார்த்து சிவப்பு எல்இடி லைட் கம்பம் நட்டாங்க, லைனுக்குள்ளயே பொறுப்பு எடுத்துக்கிட்ட ஒருத்தர் போன் பண்ணா லைட் எரியும், தூரத்துல இருந்தே தெரியும். அந்த லைட்ட போடுறது ஆபீஸ்ல உக்காந்திருக்க யாரோ இல்ல, நம்ம பக்கத்து வீட்டு அண்ணனோ அக்காவோதான், அதனாலதான் அத எல்லாரும் நம்புறாங்கன்னு நினைக்கிறேன். அதுக்கப்புறம் சாவு நல்லாவே கொறைஞ்சிருக்கு. இது ஒரு ஏழு வருஷம் முன்னாடியே வந்துருந்தா சித்தப்பா... சரி விடுங்க.

மெசேஜ் வந்தா மட்டும் போதாது, படிக்கணும். 2017ல நானே அத படிக்காம விட்டேன். அன்னைக்கு டாக்ஸி எடுக்கல, சோலையாறு பக்கத்துல இருந்து தனியா பைக்ல வர்றேன், ஏழு மணி இருக்கும், பாக்கெட்ல போன் ரெண்டு தடவ அதிர்ந்துச்சு, வீட்டுக்கு போய் பார்த்துக்கலாம்னு விட்டுட்டேன். வளைவு திரும்புனா இருபதடி முன்னாடி ரோட்டுக்கு நடுவுல ஒரு மக்னா, அதாவது தந்தம் இல்லாத ஆண். கண்ணுக்கும் காதுக்கும் நடுவுல ஈரம் வழிஞ்சு கன்னம் கருப்பா இருந்துச்சு, மதநீர். லைட்ட அணைக்கணுமா ஹாரன் அடிக்கணுமா திருப்பணுமான்னு மூளை வேலை செய்யல. அந்த நேரத்துல ஞாபகம் வந்தது ஆச்சிதான், சத்தம் போடாதலே. லைட்ட டிம் பண்ணேன், இன்ஜின அணைக்காம கால ஊணி ஒவ்வொரு அடியா பின்னாடி தள்ளுனேன். அது காத ரெண்டு பக்கமும் விரிச்சு தலைய ஆட்டுச்சு, ரெண்டு எட்டு முன்னாடி வந்துச்சு, நின்னுச்சு. நான் தள்ளிக்கிட்டே இருந்தேன். அஞ்சு நிமிஷமா அரை மணி நேரமா தெரியாது, அப்புறம் அது தேயிலைக்குள்ள எறங்கி போச்சு. போன எடுத்து பார்த்தா அதே வளைவு பேர போட்டு ஒத்த யானை நிக்குதுன்னு மெசேஜ். கால் ரெண்டும் நடுங்கி அங்கயே ரோட்டு ஓரத்துல உக்காந்துட்டேன்.

காத விரிச்சுட்டு வந்தா மெரட்டுறதுக்கு, காத ஒட்ட வச்சு தும்பிக்கைய சுருட்டிட்டு வந்தா நெசமாவே வருதுன்னு சொல்லுவாங்க, பல நேரம் சரியாவும் இருக்கும், ஆனா அத நின்னு கவனிச்சு முடிவு பண்ற அளவுக்கு யாருக்கும் நேரம் கிடைக்காது, ரெண்டுலயும் நாம செய்ய வேண்டியது ஒண்ணுதான், பின்னாடி போறது. யானை மணிக்கு 25 கிலோமீட்டர் வேகத்துல வரும், ஓடி ஜெயிக்க முடியாது. வேற வழியே இல்லாம நடந்து போகும்போது தொரத்துனா கைல இருக்க பையோ துண்டோ கீழ போட்டுட்டு போங்க, அத மோந்து பார்க்க நிக்கும்னு எங்க பெருசுங்க சொல்லுவாங்க, ரெண்டு பேர் அப்படி தப்பிச்சத நானே கேட்டிருக்கேன்.

வண்டில வர்றவங்க நாடு நாடா வர்றாங்க, அதனால எனக்கு ஒரு பழக்கம் ஆயிருச்சு, உங்க ஊர்ல யானைன்னா என்னன்னு கேப்பேன். கோயம்புத்தூர் காலேஜ்ல படிக்கற கானா நாட்டு பையன் ஒருத்தன் வந்தான், அவங்க அகான் மக்கள்ல ஒரு பழமொழி இருக்காம், யானைக்கு பின்னாடி போறவன் பனில நனைய மாட்டான்னு. புல்லு மேல இருக்க பனிய எல்லாம் முன்னாடி போற யானையே தட்டி விட்டுரும்ல, அது மாதிரி பெரிய மனுஷன அண்டி இருக்கறவனுக்கு கஷ்டம் இல்லன்னு அர்த்தம். அவங்க ஊர்ல தலைவருக்கு யானைதான் அடையாளமாம். நம்ம ஊர்ல யானை மேல ராஜா உக்காந்தாரு, அவங்க ஊர்ல ராஜாவே யானை. எனக்கு அந்த பழமொழி ரொம்ப புடிச்சிருந்துச்சு, ஏன்னா எங்க தேயிலைக்காட்டுல காலைல பனி உதிர்ந்து ஒரு கோடு மாதிரி தெரிஞ்சா அதுதான் ராத்திரி பெரியவர் போன வழி, நாங்க அதுல நடக்க மாட்டோம், அத பார்த்து வேற பக்கம் போவோம். ஒரே பனி, அவங்களுக்கு அது தொணை, எங்களுக்கு அது எச்சரிக்கை.

டீ வாங்க வந்த சீனாக்காரர் ஒருத்தர் காகிதத்துல ரெண்டு எழுத்து எழுதி காட்டுனாரு, யானைக்கும் மங்களத்துக்கும் அவங்க மொழில கிட்டத்தட்ட ஒரே உச்சரிப்பு, சியாங், அதனால வீட்டுல யானை பொம்மை வச்சா நல்லதுன்னு வைப்பாங்களாம். நம்ம கஜலட்சுமி ஞாபகம் வந்துச்சு, ரெண்டு பக்கமும் யானை தண்ணி ஊத்துற படம், எங்க லைன் வீட்டு நிலைல இப்பவும் ஒட்டி இருக்கு.

இத எல்லாம் கேக்க கேக்க எனக்கு ஒண்ணு தோணும். எல்லா ஊர்லயும் யானைய பெருசா வச்சிருக்காங்க, ஆனா வைக்கறது பொம்மையா, கொடியா, கிரீடமா, சிலையா. என் டாஷ்போர்ட்லயும் பிள்ளையார் இருக்காரு, காலைல அவரு முன்னாடி ஊதுபத்தி காட்டாம வண்டி எடுக்க மாட்டேன். ஆனா அந்த பிள்ளையார தொட்டு கும்பிட்டுட்டு அடுத்த வளைவுல யானைக்குட்டிய பார்த்ததும் வண்டிய நிறுத்தி எறங்கி செல்ஃபி எடுக்க ஓடுறவங்கள நான் எத்தனையோ தடவ பார்த்துருக்கேன், குட்டி இருந்தா அம்மா பக்கத்துலதான் இருக்கும், 22 மாசம் வயித்துல சுமந்தது, சும்மா விடுமா. வெடி போடுறவங்க, வாழப்பழம் நீட்டுறவங்க, வீடியோவுக்காக ஹாரன் அடிச்சு திரும்ப வைக்கறவங்க, இவங்க யாரும் கெட்டவங்க இல்ல, எல்லாரும் கையெடுத்து கும்பிடுறவங்கதான். கும்பிடுறதுக்கும் வழி விடுறதுக்கும் நடுவுல எங்கயோ அறுந்து போச்சு. ஆச்சிகிட்ட அது ரெண்டும் ஒண்ணா இருந்துச்சு.

அதனால மலைக்கு வர்றவங்களுக்கு என் வண்டில நான் சொல்றத இங்கயும் சொல்றேன். சாயந்திரம் ஆறு மணிக்கு மேல பைக்ல போகாதீங்க, கார்ல போனாலும் மெதுவா போங்க, மூடுபனில யானையோட நிறமும் ரோட்டோட நிறமும் ஒண்ணுதான். தங்குற இடத்துல இன்னைக்கு எந்த பக்கம் கூட்டம் இருக்குன்னு கேட்டு தெரிஞ்சுக்கோங்க, லைன்ல யாரை கேட்டாலும் சொல்லுவாங்க. சிவப்பு லைட் எரிஞ்சா அது அலங்காரத்துக்கு இல்ல. எதிர்ல யானை நின்னா கொறஞ்சது நூறு அடியாவது விட்டு நிறுத்துங்க, ஹை பீம் போடாதீங்க, கண்ணாடிய ஏத்துங்க, பின்னாடி இன்னொரு வண்டி ஒட்டி வந்து நிக்காம பார்த்துக்கோங்க, இது முக்கியம், ரிவர்ஸ் எடுக்க வழி இல்லாம மாட்டுனவங்கதான் அதிகம். கார்ல நாய கூட்டிட்டு வந்தா எறக்கவே எறக்காதீங்க, யானைய பார்த்து குரைச்சுட்டு அது நேரா உங்ககிட்டதான் ஓடி வரும், பின்னாடியே யானையும் வரும். மிச்ச சாப்பாட்ட ரோட்டு ஓரத்துல கொட்டாதீங்க. எஸ்டேட்லயே இருக்கவங்க நம்பர் மாத்துனா புது நம்பர பதிஞ்சு வைங்க, பழைய நம்பருக்கு மெசேஜ் போய்ட்டே இருக்கும், உங்களுக்கு தெரியாது.

போன ஜூலைல தாய்லாந்துல இருந்து ஒரு வயசான தம்பதி வந்தாங்க. அவங்க பௌத்தர்கள், புத்தரோட அம்மா மாயாதேவி கனவுல வெள்ளை யானை வந்து வலது பக்கமா வயித்துக்குள்ள நுழைஞ்சுதுன்னு அந்த அம்மா சொன்னாங்க, 1917 வரைக்கும் அவங்க நாட்டுக் கொடிலயே வெள்ளை யானைதான் இருந்துச்சாம். இங்கிலீஷ்ல வெள்ளை யானைன்னா பயன் இல்லாத தண்டச்செலவுன்னு சொல்றாங்களே, அது தனக்கு எப்பவுமே வருத்தமா இருக்கும்னாங்க. பேசிட்டே ரொட்டிக்கடை தாண்டி வரும்போது மேட்டுல சிவப்பு லைட் எரிஞ்சுது. வண்டிய ஓரங்கட்டி நிறுத்தி இன்ஜின அணைச்சேன். அவங்களுக்கு ராத்திரி ட்ரெயின் இருந்துச்சு, ஐயா ஒரு தடவ வாட்ச பார்த்தாரு, ஒண்ணும் சொல்லல. இருபது நிமிஷம் கழிச்சு கீழ தேயிலைல இருந்து ஒரு பெரிய பிடி, அதாவது பெண் யானை, ஏறி வந்து ரோட்ட மோந்து பார்த்துச்சு, அப்புறம் பின்னாடி ஒண்ணொண்ணா ஆறு, நடுவுல ஒரு குட்டி. அந்த அம்மா செருப்ப கழட்டி வச்சுட்டு சீட்லயே உக்காந்து கைகூப்புனாங்க. போன் எடுக்கல, கண்ணாடிய கூட எறக்கல.

ஏழும் அந்தப்பக்கம் சோலைக்குள்ள போனதும் ஐயா "போகலாமா"ன்னு கைகாட்டுனாரு. கூட்டம் போயிருச்சுன்னு உடனே வண்டிய எடுக்கக்கூடாது, பின்னாடி தள்ளி ஒண்ணு வரும், இன்னும் பத்து நிமிஷம் பாப்போம்னு சொன்னேன். எட்டாவது நிமிஷம் வந்துச்சு.